வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி!

கேள்வி: மாயாஜால உலகத்தில் நடக்கிற கதை ஒன்று எழுதுகிறேன். அதற்குச் சொந்தமாக ஒரு காலண்டர் வேண்டும். மாதங்களுக்குப் புதுப் பெயர் வைத்தால் போதுமா?

பதில்: போதாது. பெயரைக் கடைசியில் வைத்துக்கொள்ளலாம், முதலில் கணக்கைப் போடுங்கள். ஆங்கில எழுத்தாளர் டோல்கீன் தன் கதைகளில் வரும் ஹாபிட்டுகள் என்ற குள்ள மக்களுக்குச் செய்த காலண்டரைப் பாருங்கள், 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலின் 1955இல் வந்த மூன்றாம் பாகத்தின் பின்னிணைப்பில் இருக்கிறது. 12 மாதம், எல்லாவற்றுக்கும் 30 நாள், ஆக 360. மிச்சம் 5 நாள் எந்த மாதத்திலும் சேராது: வருடம் முடிகிற, பிறக்கிற இரண்டு நாள்கள் குளிர்காலப் பண்டிகை, நடுக்கோடையில் மூன்று நாள்கள் கொண்டாட்டம். பழைய எகிப்தியர்களும் இப்படித்தான் 360ஐயும் 5ஐயும் பிரித்து வைத்திருந்தார்கள்.

எனக்கு ரொம்பப் பிடித்தது அடுத்த விஷயம். வருடத்தின் நட்டநடு நாளுக்குக் கிழமையே கிடையாது, லீப் வருடத்தில் கூடுகிற நாளுக்கும் கிடையாது, அதனால் மீதி 364 நாளும் சரியாக 52 வாரமாகிவிடும், எந்தத் தேதிக்கும் எல்லா வருடமும் ஒரே கிழமைதான். இந்தக் கணக்கில் எந்த மாதமும் வெள்ளிக்கிழமையில் பிறக்காது. உடனே ஹாபிட்டுகளின் பேச்சில் ஒரு கேலி: நடக்கவே நடக்காத காரியத்துக்கு 'வெள்ளிக்கிழமை ஒன்றாம் தேதி' என்பார்கள்!

சரி, உங்கள் உலகத்துக்கு வருடத்தில் எத்தனை நாள், எத்தனை நிலா? மாதத்துக்குள் அடங்காத அந்த மிச்ச நாள்களில் உங்கள் மக்கள் என்ன செய்வார்கள்? அதை முதலில் எழுதிப் பாருங்கள்.