அந்தச் சிரிப்பில் யாருக்கு என்ன குறை?

கேள்வி: வட பிரான்ஸ் மக்களைக் கேலி செய்யும் ‘பியான்வெனு ஷே லே ஷ்தி’ (2008) படம் பார்த்தேன். ‘ஷ்தி’ என்பது அந்த வடக்கத்தியர்களின் பட்டப்பெயர். எடுத்தவர் அந்த மண்ணின் மைந்தர்; கொண்டாடியவர்களும் அந்த மக்களே. பிறகு யாருக்கு என்ன குறை?
– ஒரு வாசகர், மதுரை

பதில்: அந்தப் படத்தில் கேலிக்கு உள்ளாவது வடக்கு அல்ல, வடக்கைப் பற்றித் தெற்குக்கு இருக்கும் பயம். தெற்கே ரிவியேரா கடற்கரையில் பணியிடம் பெறுவதற்காக மாற்றுத்திறனாளியாக நடித்துப் பிடிபடும் தபால் அதிகாரி, தண்டனையாக வடக்கே பெர்க் என்ற சிற்றூருக்கு மாற்றப்படுகிறார். காரை மிக மெதுவாக ஓட்டியதற்காக வழிமறிக்கும் போலீஸ்காரர், அவர் போகும் இடத்தைக் கேட்டதும் இரக்கப்பட்டு விட்டுவிடுகிறார். பின்னர் அவருடைய மனைவி ஊர் பார்க்க வரும்போது, அவள் மனத்தில் இருக்கும் அதே குடிகாரர்களாக, முரடர்களாக ஊழியர்களே நடித்துக் காட்டுகிறார்கள். வட்டார முத்திரை எப்படித் தயாராகிறது என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்ட முடியாது. அர்மாந்தியேரில் பிறந்த இயக்குநர் டேனி பூனை அதற்காக மனமாரப் பாராட்டுகிறேன்.

என் குறை வேறு. பிரான்சில் மட்டும் 2 கோடிக்கு மேல் டிக்கெட் விற்றது. அதுவரை எந்தப் பிரெஞ்சுப் படமும் எட்டாத எண்ணிக்கை. பார்த்தவர்கள் மனத்தில் எது தங்கியது? மழை, பீர், நெடியடிக்கும் மருவால் பாலாடைக்கட்டி, ‘ஸ’வை ‘ஷ’ என்று உச்சரிக்கும் வெள்ளை மனத்தவர்கள். கெட்ட முத்திரையை அழித்துவிட்டு நல்ல முத்திரை குத்தினாலும் அது முத்திரைதான். பெர்க் நகரத்தின் பழைய மொழி, டச்சு மொழியின் உறவான ஃபிளெமிஷ். படமோ அந்த ஊர் முழுவதையும், பிரெஞ்சுக்கு நெருக்கமான வேறொரு வடக்குப் பேச்சான பிக்கார்டு வழக்கில் பேச வைக்கிறது. வடக்கு என்றால் ஒரே பேச்சு என்று நினைக்கும் பழக்கத்துக்கு அது துணைபோகிறது.

அந்தப் போலி நாடகம் நடக்கும் இடத்தையும் கவனியுங்கள்: பழைய சுரங்கத் தொழிலாளர் குடியிருப்பு. அந்தச் சுரங்கப் பகுதியில்தான் 1906-இல் கூரியேர் சுரங்க விபத்தில் 1,099 பேர் இறந்தார்கள். அந்தப் பகுதியின் கடைசி நிலக்கரிச் சுரங்கம் 1990-இல் மூடப்பட்டது. வேலை போன வீடுகளின் துயரம் படத்தில் ஒரு காட்சியாகவும் இல்லை. அந்தத் தெரு சிரிப்புக்குப் பின்னணியாக மட்டும் நிற்கிறது. இதை என்னால் மன்னிக்க முடியவில்லை.

யாருக்கு என்ன குறை என்று கேட்டீர்கள். படம் வெளியான மறுமாதம், 2008 மார்ச் 29 அன்று, பாரிஸ் அணிக்கும் சுரங்க நகரமான லான்ஸின் அணிக்கும் கால்பந்து இறுதிப்போட்டி நடந்தது. பாரிஸ் ரசிகர்கள் ஒரு பெரிய பதாகையை விரித்தார்கள்: ‘சிறார்களைச் சீரழிப்பவர்கள், வேலையற்றவர்கள், நெருங்கிய உறவுக்குள் பிறந்தவர்கள்: ஷ்திகளின் ஊருக்கு வருக’. கடைசி வரி அந்தப் படத்தின் தலைப்பேதான். சம்பந்தப்பட்ட ரசிகர் அமைப்பை அரசு ஏப்ரலில் கலைத்தது. படத்தைக் கொண்டாடிய அந்த மக்கள்தான் அன்று எதிர்ப்புற இருக்கைகளில் அமர்ந்து அதைப் படித்தார்கள்.