பெயரை மாற்றிச் சொன்னால் போதுமா?

கேள்வி: சேலத்தில் குற்றப்பிரிவு ஆய்வாளராக இருந்து ஓய்வு பெற்று, இப்போது ஏற்காட்டில் இருக்கிறேன். பழைய வழக்குகளை யூடியூபில் பேசச் சொல்லிப் பேரன் நச்சரிக்கிறான். பெயர்களை மாற்றிவிட்டால் போதும்தானே? பென்ஷனுக்கு வம்பு வருமா?

பதில்: தாராளமாகப் பேசலாம் ஐயா. ஆனால் எதை வைத்துப் பேசுகிறீர்கள் என்பதுதான் விஷயம்.

அஸ்தம்பட்டி மத்தியச் சிறையில் 1995 ஏப்ரலில் தூக்கிலிடப்பட்ட ஆட்டோ சங்கரை மறந்திருக்க மாட்டீர்கள். அவர் சிறையில் எழுதிய சுயசரிதையை ஒரு வார இதழ் வெளியிடப் போய் எழுந்த வழக்கில்தான், 1994-ல் உச்ச நீதிமன்றம் வழி காட்டியது. நீதிமன்ற ஆவணம் போன்ற பொதுப் பதிவுகளில் உள்ளதைச் சம்பந்தப்பட்டவரைக் கேட்காமலே வெளியிடலாம். பாலியல் குற்றம், கடத்தல் போன்றவற்றில் பாதிக்கப்பட்ட பெண்ணின் அடையாளம் இதில் சேராது.

அதனால் நீங்களே விசாரித்த வழக்கானாலும் சரி, நகல் மனு போட்டுத் தீர்ப்பை வாங்கி மேஜையில் வைத்துக்கொண்டு பேசுங்கள். பீரோவில் கேஸ் டைரி (விசாரணை அதிகாரி எழுதும் நாட்குறிப்பு) ஜெராக்ஸும் செல்லில் ஸ்பாட் போட்டோவும் இருக்கலாம். உங்கள் துறைக்காரர்கள் பலரிடம் பார்த்திருக்கிறேன். அவை வெளியே வரவே கூடாது. கேஸ் டைரியைக் கேட்டு வாங்கும் உரிமை குற்றம் சாட்டப்பட்டவருக்கே கிடையாது. குற்றப்பத்திரிகைகூடப் பொது ஆவணம் இல்லை என்று 2023-ல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

பெயர் விஷயத்துக்கு வருகிறேன். 'நாகலூர் பக்கம் ஒரு காபி எஸ்டேட், எட்டாவது படித்த பெண், அப்பா அங்கேயே வாட்ச்மேன்' என்று சொல்லிப் பாருங்கள். சென்னையில் கேட்பவருக்கு அது யாரோ ஒரு பெண். மலையில் டீக்கடையில் உட்கார்ந்திருப்பவருக்கு வீடே தெரிந்துவிடும். பாலியல் குற்றத்தில் பாதிக்கப்பட்டது சிறுவர் என்றால், அவர்களுக்கான போக்சோ சட்டத்தின் 23-வது பிரிவு பெயரோடு நிற்கவில்லை. முகவரி, படம், குடும்ப விவரம், பள்ளி, அக்கம்பக்கம் என்று எல்லாவற்றையும் தடுக்கிறது. மீறினால் குறைந்தது 6 மாதச் சிறை. பாதிக்கப்பட்டவர் பெரியவர் என்றால், பழைய இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 72-வது பிரிவு, 2 ஆண்டு வரை சிறை. பாதிக்கப்பட்டவர் இறந்துவிட்டாலும் தடை போகாது. இந்த வகை வழக்குகளை விட்டுவிடுங்கள் என்பேன்; நகைக் கொள்ளையும் எஸ்டேட் கொலையுமே உங்களிடம் நிறைய இருக்கும்.

மேல்முறையீடு நிலுவையில் உள்ள வழக்கைத் தொடாதீர்கள், அது நீதிமன்ற அவமதிப்பில் கொண்டுபோய் விடலாம். விடுதலையானவரை 'அவன்தான் செய்தான், சாட்சி பிறழ்ந்துவிட்டது' என்று சொன்னால் அவதூறு வழக்கு வரும். உங்கள் மனதில் என்ன இருந்தாலும் சரி.

பென்ஷனைப் பொறுத்தவரை, 1978-ஆம் ஆண்டு தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் பிற்கால நன்னடத்தையையும் நிபந்தனையாக வைத்திருக்கின்றன. கடுங்குற்றத்தில் தண்டனை பெற்றால் நிறுத்தி வைக்க முடியும். தீர்ப்பைப் படித்து விளக்குவதால் அந்த நிலை வராது.

அப்புறம், வீடியோவின் முகப்புப் படத்தைப் பேரனிடம் விடாதீர்கள். நீங்கள் உள்ளே அளந்து பேசியிருப்பீர்கள். அவன் வெளியே விடுதலையானவரின் போட்டோவைப் போட்டு 'கொலைகாரன்' என்று சிவப்பு எழுத்தில் எழுதியிருப்பான்.