எந்தக் கட்சிக்காரர் முதலில்?

அம்மா, மகள் பிளஸ் டூ முடித்த கையோடு "சட்டம் படிப்பேன், அப்புறம் எம்.எல்.ஏ. ஆவேன்" என்று சொன்னதிலிருந்து உங்களுக்குத் தூக்கம் இல்லை என்கிறீர்கள். பெற்ற வயிறு பதறத்தான் செய்யும். ஆனால் அவள் சொல்வது பலர் நடந்த பாதை.

ராஜாஜி சேலத்தில் வக்கீல் தொழிலைத் தொடங்கியது 1900ல். 1911ல் நகராட்சி உறுப்பினர், 1917ல் நகராட்சித் தலைவர், 1937ல் சென்னை மாகாணப் பிரதமர் (அன்று முதலமைச்சர் பதவிக்கு அதுதான் பெயர்). இடையில் 37 வருடம். அந்த ஆண்டே மதுவிலக்கைக் கொண்டுவந்தபோது முதலில் நடைமுறைக்கு வந்தது சேலம் மாவட்டத்தில்தான். அவர் வருடக்கணக்காக வழக்காடிய, தெருத்தெருவாகத் தெரிந்த ஊர் அது.

உங்கள் மகளும் அப்படி ஓர் ஊரைச் சம்பாதிக்க வேண்டும். அதற்கு ஏற்ற இடம், சின்னச் சின்ன சிவில் வழக்குகள் நடக்கும் முன்சீப் கோர்ட். காலை பத்து மணிக்கு வராந்தாவில் நின்று பாருங்கள். வரப்புத் தகராறுக்கு வந்த பெரியவர் மஞ்சள் பையில் பழைய பத்திரங்களோடு உட்கார்ந்திருப்பார். டவாலி பெயரைக் கூப்பிட்டதும் எழுந்து ஓடுவார். உள்ளே இரண்டே நிமிடம்; வாய்தா. வெளியே வந்து "என்னம்மா ஆச்சு?" என்று அவர் கேட்பது ஜூனியர் வக்கீலிடம்தான். அவருக்குப் புரிகிற மாதிரி சொல்லத் தெரிந்தவள் நாளைக்கு எந்த மேடையிலும் பேசிவிடுவாள். வழக்கை ஒப்படைப்பவரும் கட்சிக்காரர்தான்; கோர்ட்டிலும் கட்சிக்காரர் உண்டு, அரசியலிலும் உண்டு. முதலில் கோர்ட்டுக் கட்சிக்காரரிடம் பழகட்டும்.

படிப்பு பற்றிச் சுருக்கமாகச் சொல்கிறேன். இப்போதே சேர்ந்தால் ஐந்தாண்டுப் படிப்பு. வேறு பட்டம் முடித்துவிட்டு வந்தால் மூன்றாண்டு. அரசு சட்டக் கல்லூரிகளுக்கு அம்பேத்கர் சட்டப் பல்கலைக்கழகத்தின் அறிவிப்பைப் பார்த்து விண்ணப்பிக்கலாம். படிப்பு முடிந்ததும் வக்கீல்களைப் பதிவு செய்யும் பார் கவுன்சிலில் பதிவு, பிறகு வழக்காடத் தகுதி தரும் அகில இந்திய பார் தேர்வு.

இனி பணம். உங்கள் உண்மையான பயம் அதுதானே? முதல் சில வருடம் சீனியர் கொடுப்பது பஸ்ஸுக்கும் சாப்பாட்டுக்கும் சரியாகப் போகலாம். அதுவரை வீடு தாங்க வேண்டும், ஒளிக்காமல் சொல்கிறேன். தொழில் நிலைத்துவிட்டால் நிலைமை வேறு. சட்டமன்ற உறுப்பினரான பிறகும் வழக்காடத் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018ல் சொல்லிவிட்டது. தேர்தலில் தோற்றாலும் அடுத்த நாள் காலை கோட்டை மாட்டிக்கொண்டு கோர்ட்டுக்குப் போகலாம். அரசியலையே பிழைப்பாக வைத்திருப்பவருக்கு அந்த வசதி இல்லை. அவர் யாரிடமாவது கையேந்தித்தான் ஆக வேண்டும். என் அக்கறையெல்லாம் உங்கள் மகளுக்கு அந்த நிலை வரக்கூடாது என்பதுதான்.

சட்டமன்றத்துக்குப் போட்டியிட 25 வயது நிரம்ப வேண்டும். உள்ளாட்சிக்கு 21 போதும். வார்டு உறுப்பினராக அவள் தொடங்கினால் தடுக்காதீர்கள். ராஜாஜியும் நகராட்சியில்தான் தொடங்கினார்.

கல்லூரி திறக்குமுன் ஒரு திங்கட்கிழமை அவளைக் கூட்டிக்கொண்டு உங்கள் ஊர்க் கோர்ட்டுக்குப் போய்வாருங்கள். மத்தியானம் வரை உட்காருங்கள். வீடு திரும்பும்போது அவள் எதைப் பற்றிப் பேசிக்கொண்டு வருகிறாள் என்று எனக்கு எழுதுங்கள்.