மூலையில் நடக்காத காரியம்

வணக்கம்.

ரஷ்யாவை ஆண்ட ரோமனோவ் குடும்பத்தின் முடிவைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். 1918இல் யெகாதெரின்பர்க் வீட்டின் கீழ்த்தளத்தில் ஜார் நிக்கோலஸை மனைவி மக்களோடு சுட்டுக் கொன்றதைக் கோழைத்தனம் என்கிறீர்கள். சரி. அதே கட்டுரையில், இங்கிலாந்து மன்னர் முதலாம் சார்லஸை விசாரித்துத் தலையை வெட்டியதை வரலாற்றுத் திருப்பம் என்கிறீர்கள். ராணுவம் முன்கூட்டியே முடிவெடுத்துவிட்ட பிறகு நீதிமன்றம் என்பது வெறும் கண்துடைப்புதானே? இருட்டில் சுட்டால் என்ன, பட்டப்பகலில் வெட்டினால் என்ன? இன்னொன்று: சார்லஸை வெட்டியவர் யார் என்று தெரியுமா?

அன்புடன்,
ஒரு வாசகர், கோவில்பட்டி

அன்புள்ள நண்பருக்கு,

கண்துடைப்பு என்று நீங்கள் சொல்வதில் பாதி உண்மை இருக்கிறது. உள்நாட்டுப் போரில் மன்னரைத் தோற்கடித்தது நாடாளுமன்றத்தின் படை. 1648 டிசம்பர் 6 அன்று அந்தப் படையின் கர்னல் தாமஸ் பிரைட் வீரர்களோடு வந்து நாடாளுமன்ற வாசலில் நின்றார். மன்னரோடு சமரசம் பேச நினைத்த உறுப்பினர்களை உள்ளே விடவில்லை, பலரைக் கைதும் செய்தார். மிச்சமிருந்தவர்கள்தான் விசாரணைக்குச் சட்டம் போட்டார்கள். பிரபுக்கள் சபை ஒப்புக்கொள்ள மறுத்ததால் பொதுச்சபை தனியாகவே அதை நிறைவேற்றியது. நீதிபதிகளாக 135 பேரை நியமித்தார்கள். முதல் நாள் வந்தது ஏறத்தாழ பாதிப் பேர். படைத்தலைவர் ஃபேர்ஃபாக்ஸின் பெயரை வாசித்தபோது, அவர் இங்கே வருமளவுக்குப் புத்தியில்லாதவர் அல்ல என்று மாடத்திலிருந்து அவருடைய மனைவியே குரல் கொடுத்தார்.

இவ்வளவு ஓட்டைகளையும் நாம் இன்று எண்ணிச் சொல்ல முடிவது, கதவைத் திறந்துவைத்து நடத்தினார்கள் என்பதால்தான்.

1649 ஜனவரி 20. வெஸ்ட்மின்ஸ்டர் மண்டபம் நிறைய ஜனம். தலைமை தாங்கிய ஜான் பிராட்ஷா, யாராவது சுட்டுவிடுவார்களோ என்ற பயத்தில் உள்ளே எஃகுத் தகடு வைத்த தொப்பி அணிந்திருந்தார். சார்லஸும் தொப்பியைக் கழற்றவில்லை. இந்த நீதிமன்றத்தை மதிக்கவில்லை என்பதற்கு அது அடையாளம். வழக்கறிஞர் ஜான் குக் குற்றப்பத்திரிகையை வாசிக்க எழுந்ததும், மன்னர் அவரை நிறுத்தச் சொல்லிக் கைத்தடியால் தோளில் தட்டினார். தடியின் வெள்ளிப் பூண் கழன்று தரையில் விழுந்தது. யாராவது எடுத்துத் தருவார்கள் என்று காத்திருந்தார். ஒருவரும் அசையவில்லை. கடைசியில் தானே குனிந்து எடுத்துக்கொண்டார்.

பிறகு அவர் கேட்டது ஒரே கேள்வி: எந்த அதிகாரத்தின் பேரில் என்னை இங்கே நிறுத்தியிருக்கிறீர்கள்? அடுத்தடுத்த அமர்வுகளிலும் அதையே கேட்டார். குற்றத்தை ஒப்புக்கொள்ளவும் இல்லை, மறுக்கவும் இல்லை. என்னைக் கேட்டால், சட்டப்படி அவர் பக்கம்தான் வலு அதிகம். அன்றைய இங்கிலாந்தில் ராஜத்துரோகம் என்பதே மன்னருக்கு எதிரான குற்றம். அதை மன்னர் மீதே சுமத்த, மக்களுக்கு எதிராகப் போர் தொடுத்தார் என்று புதிதாக ஒரு வாதத்தைக் கட்டவேண்டியிருந்தது. ஜனவரி 27 அன்று தீர்ப்பு வாசித்தபின் சார்லஸ் பேச அனுமதி கேட்டார். பிராட்ஷா மறுத்தார். என்னையே பேச விடவில்லை என்றால் மற்றவர்களுக்கு என்ன நியாயம் கிடைக்கும், பார்த்துக்கொள்ளுங்கள் என்று சொல்லியபடியே சார்லஸ் வெளியே போனார். இதெல்லாம் சில நாட்களுக்குள் லண்டனில் அச்சாகி விற்பனைக்கு வந்துவிட்டது. தன்னைக் கொல்லப்போகிறவர்கள் போட்ட மேடையிலிருந்தே அவர் நாட்டுக்குப் பேசிவிட்டார்.

இதற்கு முன்னால் எப்படி என்று பாருங்கள். அரியணை பறிபோன இரண்டாம் எட்வர்ட் 1327இல் பெர்க்லி கோட்டைக்குள் இறந்தார். இரண்டாம் ரிச்சர்ட் 1400இல் பான்டிஃப்ராக்ட் கோட்டைக்குள். ஆறாம் ஹென்றி 1471இல் லண்டன் கோபுரத்தில். துக்கம் தாளாமல் இறந்துவிட்டார் என்று கதை கட்டினார்கள். சார்லஸின் பாட்டி, ஸ்காட்லாந்து ராணி மேரியின் கதை இன்னும் கசப்பானது. 1586இல் விசாரணை முடிந்து தீர்ப்பு வந்தபின்னும், அவரைச் சத்தமில்லாமல் தீர்த்துவிட முடியுமா என்று காவல் பொறுப்பிலிருந்த அமியாஸ் பாலெட்டிடம் இங்கிலாந்து ராணி எலிசபெத் கேட்டுப்பார்த்தார். சட்டமும் ஆணையும் இல்லாமல் ரத்தம் சிந்த மாட்டேன் என்று பாலெட் மறுத்துவிட்டார். பிறகுதான் 1587 பிப்ரவரியில் மேரியின் தலை வெட்டப்பட்டது. அப்போதும் எலிசபெத் பழியைத் தன் செயலர் டேவிசன் தலையில் போட்டு அவரைச் சிறைக்கு அனுப்பினார்.

சார்லஸின் மரண ஆணையில் 59 பேர் பெயரெழுதி முத்திரை வைத்தார்கள். அவர்களில் ஒருவர் தாமஸ் ஹாரிசன். 1660இல் சார்லஸின் மகன் அரசராகத் திரும்பி வந்ததும் ஹாரிசனைக் கூண்டில் ஏற்றினார்கள். அவர் மன்னிப்புக் கேட்கவில்லை. அந்தக் காரியம் ஏதோ ஒரு மூலையில் செய்யப்பட்டதல்ல என்றார். தூக்கிலிட்டு, உடலைக் கூறுபோட்டார்கள். வழக்கறிஞர் குக்குக்கும் அதே கதிதான். செய்ததற்குப் பெயர் சொல்லிப் பொறுப்பேற்றார்கள், அதற்கான விலையையும் கொடுத்தார்கள். இதைத்தான் திருப்பம் என்றேன்.

இனி யெகாதெரின்பர்க். ஜாருக்கும் பகிரங்க விசாரணை நடத்தும் யோசனை இருந்தது. அப்போது ஆட்சியிலிருந்த போல்ஷெவிக் தலைவர்களில் ஒருவரான டிராட்ஸ்கி அதை விரும்பினார். நடக்கவில்லை. மருத்துவர், பணியாட்கள் உட்பட 11 பேரைச் சுட்டுவிட்டு, ஜாரை மட்டும் கொன்றதாகவும் மனைவியும் மகனும் பத்திரமான இடத்தில் இருப்பதாகவும் அறிவித்தார்கள். அந்தப் பொய்யின் நிழலில் நான்தான் ஜாரின் மகள் அனஸ்தாசியா என்று பெண்கள் பலர் கிளம்பினார்கள். குழந்தைகள் இருவரின் எலும்புகள் 2007இல்தான் கிடைத்தன. 13 வயதுப் பையனை எந்த நீதிமன்றத்தில் நிறுத்தி என்ன குற்றம் சொல்லியிருக்க முடியும்? கதவைத் திறந்துவைத்திருந்தால் அந்தக் குழந்தைகளைத் தொட்டிருக்க முடியாது என்றே நம்புகிறேன். சார்லஸின் பிள்ளைகளில் 13 வயது எலிசபெத்தும் 8 வயது ஹென்றியும் எதிரிகளின் காவலில்தான் இருந்தார்கள். தண்டனைக்கு முந்தின நாள் அப்பாவைப் பார்க்க அவர்களை அழைத்துவந்தார்கள். அவர்கள் மேல் ஒருவரும் கை வைக்கவில்லை.

உங்கள் கடைசிக் கேள்விக்கு: ஜனவரி 30 அன்று லண்டனின் வைட்ஹாலில் சார்லஸை வெட்டியவரும் உதவியாளரும் முகமூடி அணிந்திருந்தார்கள். லண்டனின் வழக்கமான கொலைத்தண்டனைப் பணியாளர் ரிச்சர்ட் பிராண்டன் என்று அன்றே பேச்சு இருந்தது, உறுதியாகவில்லை. 1813இல் வின்ட்சரில் சார்லஸின் சவப்பெட்டியைத் திறந்து பார்த்த மருத்துவர் ஹென்றி ஹால்ஃபோர்டு, கழுத்தின் நான்காவது எலும்பு ஒரே வெட்டில் சீராகத் துண்டிக்கப்பட்டிருந்ததைக் குறித்துவைத்தார். அதனால் கை பழகிய ஒருவர்தான் வெட்டியிருக்க வேண்டும் என்பது என் எண்ணம்.

அன்புடன்.