பட்ச் வரும்வரை சின்ன அலுவலகம் என்ன செய்யலாம்?

'பட்சே இல்லாத சீரோ டே ஓட்டைக்கு எங்களைப் போன்ற சின்ன நிறுவனம் என்ன செய்ய ஏலும்?' என்று கேட்டிருக்கிறீர்கள். பட்ச் என்றால் மென்பொருளின் ஓட்டையை அடைக்கும் திருத்தம். அது வருமுன்னரே தாக்குபவர்கள் அறிந்துவிட்ட ஓட்டைதான் சீரோ டே. நீங்களும் பத்துப் பதினைந்து கணினியைத் தனி ஆளாய்ப் பார்க்கிறவர் என்றே நினைக்கிறேன். 'ஒன்றும் ஏலாது' என்று சொல்லுவார்கள். நம்பாதீர்கள்.

2022 மே கடைசி. யாழ்ப்பாணத்தில் ஒரு கணக்காளர் அலுவலகத்தின் 14 கணினிகள் என் பொறுப்பு. வேர்ட் கோப்பு வழியே புகும் 'ஃபொலினா' ஓட்டை வெளியே தெரிந்த நேரம். மைக்ரோசொஃப்ட் மே 30 அன்று எச்சரித்தது, பட்ச் தந்தது ஜூன் 14. வேர்ட் கோப்புக்குள் ஓடும் சிறு நிரலான மேக்ரோவை நிறுத்தி வைத்திருந்தாலும் பயனில்லை. விண்டோஸின் பழுதுபார்க்கும் கருவியான எம்எஸ்டிடியை வேர்ட் கூப்பிட, அது தாக்குபவரின் கட்டளையை ஓட்டிவிடும். வேர்ட் திறக்கும் இன்னொரு வகையான ஆர்டிஎஃப் கோப்பென்றால் திறக்கவே தேவையில்லை, முன்னோட்டம் காட்டினாலே போதும்.

இலங்கையில் பொருளாதார நெருக்கடி, பெற்றோல் இல்லாத காலம். கோண்டாவிலிலிருந்து சைக்கிளில் போய், கரண்ட் இருக்கிற நேரம் பார்த்து, மைக்ரோசொஃப்ட் சொன்னபடியே ஒவ்வொரு கணினியிலும் ரெஜிஸ்ட்ரியின், அதாவது விண்டோஸ் தன் அமைப்புகளை வைத்திருக்கும் பதிவேட்டின், எம்எஸ்-எம்எஸ்டிடி பகுதியை நகலெடுத்துவிட்டு அழித்தேன். அது இல்லாவிட்டால் வேர்ட்டால் அந்தக் கருவியைக் கூப்பிட ஏலாது. முன்னோட்டத்தையும் நிறுத்தினேன். கணக்குக் கோப்புகளை வெளி டிஸ்கில் ஏற்றி, கழற்றி, அலுமாரியில் பூட்டினேன். செருகியபடி விட்டால், கோப்புகளைத் திறக்க முடியாமல் செய்து காசு கேட்கும் ரான்சம்வேர் அதிலுள்ளதையும் முடக்கிவிடும்.

அடுத்த கிழமை அங்கே வேலை செய்யும் அக்கா போன் எடுத்தா. "தம்பி, முதலாளியின்ர பேரில ஒரு வேர்ட் பைல் வந்திருக்கு. அவர் தான் அனுப்பேல்லை எண்டுறார். திறக்கட்டோ?" வேண்டாம் என்றேன். அதற்குள் ஃபொலினாதான் இருந்தது என்று சாதிக்க வரவில்லை. ஆனால் முதலாளியின் பெயர் தெரிந்து, அந்த அலுவலகத்தையே குறிவைத்து எழுதிய கடிதம் அது. அக்கா எழும்பிப் போய் அவரிடமே கேட்டதுதான் பெரிய காவல்.

'ஈடிஆர் (கணினிகளைக் கண்காணித்துத் தாக்குதலைப் பிடிக்கும் மென்பொருள்) இல்லாமல் இதெல்லாம் பாதுகாப்பா?' என்று சிலர் வருவீர்கள். ஈடிஆர் நல்லது, மறுக்கவில்லை. 2022இல் மாதாமாதம் டொலரில் சந்தா கட்ட எந்தச் சின்ன அலுவலகத்தால் முடிந்தது? அடிப்படைக் காவல் இல்லாவிட்டால் என்ன நடக்கும் என்பதற்கு அரசாங்கத்தின் மின்னஞ்சலையே பாருங்கள். 2023இல் லங்கா கவர்ன்மென்ட் கிளவுட் என்ற அரச இணையச் சேவையில் ரான்சம்வேர் புகுந்து, மே 17 முதல் ஆகஸ்ட் 26 வரையான மின்னஞ்சல்கள் தொலைந்துபோயின. அந்தக் காலத்துக்குத் தனி நகல் இருக்கவில்லை. அங்கே ஓடியது மைக்ரோசொஃப்டின் பழைய மின்னஞ்சல் மென்பொருளான எக்ஸ்சேஞ்ச் 2013.

இன்னொன்றையும் சொல்லவேண்டும். வேலை முடிந்து காசு கேட்டபோது முதலாளி சொன்னது: "ஒண்டும் நடக்கேல்லையே தம்பி, பிறகென்னத்துக்கு இவ்வளவு?" சீசீடிவி பொருத்தியவருக்கு அதே மாதம் பேரம் பேசாமல் கொடுத்தவர் அவர். இங்கே படித்த பெடியள் கொழும்புக்கும் கனடாவுக்கும் போவதற்கு இதுவும் ஒரு காரணம். எனக்கு வரவேண்டிய பாதிக் காசு இன்னும் வரவில்லை.