தன் கையால் வரும் மரணம்: கேள்வி பதில்

கேள்வி: ஹஜ்ரத், ஷஹீத் (இறைவழியில் உயிர்நீத்த தியாகி) என்றால் போரில் வெட்டுப்பட்டு இறந்தவர் மட்டும்தானா?

பதில்: இல்லை. கொள்ளைநோயிலும் வயிற்று நோயிலும் இறந்தவர், நீரில் மூழ்கியவர், இடிபாட்டில் சிக்கியவர் ஆகியோரையும் நபி (ஸல்) அவர்கள் ஷஹீத் என்றார்கள். பிரசவத்தில் இறக்கும் தாயும் அப்படியே. போர்க்களத்து ஷஹீதைக் குளிப்பாட்டாமல் இரத்தக் கறையோடு அடக்குவோம், மற்றவர்களுக்குக் குளிப்பாட்டிக் கஃபன் (சவத்துணி) இடுவோம் என்பதுதான் சட்டத்தில் உள்ள வேறுபாடு. இந்தப் பட்டியலில் எவரும் மரணத்தைத் தாமே உண்டாக்கிக்கொண்டவர் இல்லை என்பதைக் கவனியுங்கள்.

கேள்வி: பத்ர் போரில் நபித்தோழர் உமைர் இப்னுல் ஹுமாம் (ரலி), "இந்தப் பேரீச்சம்பழங்களைத் தின்று முடிக்கும்வரை உயிரோடிருந்தால் அதுவே நீண்ட வாழ்வு" என்று கையிலிருந்ததை எறிந்துவிட்டுப் பாய்ந்தாரே? அதற்கும் குண்டு கட்டிக்கொண்டு போவதற்கும் என்ன வேறுபாடு?

பதில்: கான்ஸ்டாண்டிநோபிள் படையெடுப்பிலும் இதையொட்டிய பேச்சு எழுந்தது. ஒருவர் தனியாக ரோமர் அணிக்குள் பாய்ந்தபோது, "தம்மைத் தாமே அழிவில் போட்டுக்கொள்கிறாரே" என்று குர்ஆனின் 2:195ஆம் வசனத்தைச் சொல்லி மக்கள் பதறினார்கள். அங்கிருந்த அபூ அய்யூப் அல்அன்ஸாரி (ரலி), போரை விட்டுவிட்டுத் தோட்டந்துரவைப் பார்த்துக்கொண்டு இருந்துவிடலாம் என்று மதீனாவாசிகளான அன்ஸாரிகளாகிய நாங்கள் நினைத்தபோதுதான் அந்த வசனம் இறங்கியது, அழிவு என்பது போரை விட்டு ஒதுங்குவதே என்று திருத்தினார்கள். தற்கொலைத் தாக்குதலுக்கு ஆதாரம் தேடுகிறவர்கள் இந்த இடத்தோடு ஏட்டை மூடிவிடுகிறார்கள்.

அடுத்த ஏட்டைப் புரட்டினால் புகாரி ஹதீஸ் தொகுப்பில் இன்னொருவர் வருகிறார். அவரைப் போல் அன்று போரிட்டவர் இல்லை என்று தோழர்கள் வியந்தபோது, "அவர் நரகவாசி" என்றார்கள் நபியவர்கள். நம்ப முடியாமல் ஒருவர் அவரைப் பின்தொடர்ந்தார். காயத்தின் வலி தாளாத அந்த மனிதர், வாளின் பிடியைத் தரையில் ஊன்றி, முனையை நெஞ்சுக்கு நேரே வைத்து, அதன்மேல் சாய்ந்து உயிரை விட்டார். உமைர் எதிரியின் கையால் இறந்தார், இவர் தம் கையால் இறந்தார். குண்டின் விசையைத் தானே அழுத்துகிறவன் இவ்விருவரில் யாரைச் சேர்ந்தவன் என்பதற்குப் பெரிய இல்ம் (மார்க்க அறிவு) தேவையில்லை.

கேள்வி: அறிஞர்களே இதில் பிளவுபட்டிருக்கிறார்களே?

பதில்: பிளவு உண்டு, மறைக்க வேண்டியதில்லை. பலஸ்தீனத்தை முன்வைத்து எகிப்திய அறிஞர் யூசுஃப் அல்கர்ளாவி அனுமதித்தார். அவர் அதைத் தற்கொலை என்று அழைக்கவே மறுத்தார். சவூதியின் இப்னு பாஸ், இப்னு உஸைமீன் இருவரும் அது தற்கொலையே என்றார்கள். 2010இல் பாகிஸ்தானிய அறிஞர் தாஹிருல் காதிரி சுமார் 600 பக்க ஃபத்வாவில் (மார்க்கத் தீர்ப்பில்) விலக்கின்றித் தடுத்தார். பெயரை மாற்றுவதால் சட்டம் மாறாது; அத்துடன், பெண்களையும் குழந்தைகளையும் கொல்லக் கூடாது என்ற தெளிவான தடை போர்க்களத்திலும்கூட உண்டு எனும்போது, பேருந்துக்கும் சந்தைக்கும் அனுமதி எங்கிருந்து வரும்? என் சார்பு இதில் தெரிகிறது, தெரியட்டும்.

கேள்வி: இலங்கையில் 2019இல் குண்டு வைத்தவர்களும் தங்களை ஷஹீத் என்றுதானே நினைத்தார்கள்?

பதில்: நினைத்திருப்பார்கள். ஏப்ரல் 21, ஈஸ்டர் காலையில் தேவாலயங்களிலும் விடுதிகளிலும் 250க்கும் மேற்பட்டோரைக் கொன்றார்கள். முஸ்லிம் அறிஞர் சபையான அகில இலங்கை ஜம்இய்யத்துல் உலமா, தாக்கியவர்களின் உடல்களை ஏற்க மாட்டோம் என்று அறிவித்தது. ஒரு முஸ்லிமின் ஜனாஸாவை (சவ உடலை) ஊர் ஏற்க மறுப்பது எவ்வளவு கடுமையான வார்த்தை என்பது நம் மஹல்லாக்களில் வளர்ந்தவர்களுக்குப் புரியும்.

கேள்வி: இது முஸ்லிம்களிடம் மட்டும் உள்ள வழக்கமா?

பதில்: 1944இல் ஜப்பானிய விமானிகளும், 1987 ஜூலை 5 இலங்கையின் நெல்லியடியில் விடுதலைப் புலிகளும் செய்தது தற்கொலைத் தாக்குதலே.

கேள்வி: மனநோயால் தற்கொலை செய்துகொண்ட என் தம்பிக்கு ஜனாஸா தொழவைக்க ஊரில் தயங்கினார்கள். அவனுக்கு துஆ (பிரார்த்தனை) செய்யலாமா?

பதில்: தாராளமாகச் செய்யுங்கள். இப்படி இறந்த ஒருவருக்கு நபியவர்கள் தாம் தொழவைக்கவில்லை என்பது பிறருக்கான எச்சரிக்கை என்பதும், மற்றவர்கள் தொழலாம் என்பதும் பெரும்பாலான இமாம்களின் கருத்து. புத்தி பேதலித்தவர்மீது குற்றமும் எழுதப்படாது. நபித்தோழர் துஃபைல் (ரலி) அவர்களுடன் மதீனாவுக்கு ஹிஜ்ரத் செய்து குடிபெயர்ந்த ஒருவர், நோயின் வேதனையில் விரல் கணுக்களை அறுத்துக்கொண்டு இறந்தார். துஃபைலின் கனவில் நல்ல நிலையில் வந்தவர், கைகளை மட்டும் மூடியிருந்தார். "நீ கெடுத்துக்கொண்டதை நாம் சீராக்க மாட்டோம்" என்று சொல்லப்பட்டதாம். துஃபைல் இதைச் சொன்னதும் நபியவர்கள், "இறைவா, அவருடைய கைகளையும் மன்னிப்பாயாக" என்று துஆச் செய்தார்கள். உங்கள் தம்பிக்கும் அதையே கேளுங்கள்.