பி.டி. வாத்தியாருக்கு ஒரு பேராசிரியர் பதவி

கேள்வி: சிகாகோ பல்கலைக்கழகத்தில் 41 சீசன் அமெரிக்கக் கால்பந்துப் (பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டம், நம் ஊர்க் கால்பந்து அல்ல) பயிற்சியாளராகவும் விளையாட்டுத் துறைத் தலைவராகவும் இருந்த அமோஸ் அலோன்சோ ஸ்டாக்கை 70 வயதானதும் வீட்டுக்கு அனுப்பிவிட்டார்களாமே? சரியான முடிவுதானே? பி.டி. வாத்தியார் வேலைக்கு எதற்கு 70 வயதுக்காரர்?
– வாசகர், கரூர்

பதில்: வயதை அப்புறம் பார்ப்போம். 'பி.டி. வாத்தியார் வேலைக்கு எதற்கு' என்று கேட்டிருக்கிறீர்களே, முதலில் அதற்குப் பதில் சொல்லிவிடுகிறேன். நம் பள்ளிகளில் அரையாண்டுத் தேர்வு நெருங்கினால் கணக்கு வாத்தியார் முதலில் கை வைப்பது பி.டி. பீரியடில்தான். பி.டி. மாஸ்டர் என்றால் பிரேயரில் 'அட்டென்ஷன்' சொல்ல, லேட்டாக வரும் பையன்களை கேட்டில் நிறுத்த, ஆகஸ்ட் 15-க்குக் கொடிக்கயிறு கட்ட என்று வைத்திருக்கும் ஆள். இதை எழுதி எழுதியே சில தலைமையாசிரியர்களின் கோபத்துக்கு ஆளாகியிருக்கிறேன். மறுபடியும் எழுதுகிறேன்.

ஸ்டாக் 1862-ல் நியூ ஜெர்சியில் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். பாதிரியாராக வேண்டும் என்று யேல் பல்கலைக்கழகத்துக்குப் போனார். கையில் காசில்லாமல் பிஸ்கட்டைத் தின்றே நாளை ஓட்டி, உடம்பு கெட்டுப் படுத்தும் இருக்கிறார். பேஸ்பாலில் பந்து வீசுவதில் பெரிய பேர் எடுத்தார். தொழில்முறை அணிகள் பணத்தோடு வந்து அழைத்தன, போகவில்லை. பிரசங்க மேடை தனக்குச் சரிவராது, பிள்ளைகளை மைதானத்தில் வைத்துத்தான் தன்னால் நல்லவர்களாக்க முடியும் என்று முடிவு செய்தார். அடுத்து மாசசூசெட்ஸில் ஸ்பிரிங்ஃபீல்டு ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளிக்குப் போனார். அங்கே உடன் இருந்த ஜேம்ஸ் நெய்ஸ்மித் 1891-ல் கூடைப்பந்தைக் கண்டுபிடித்தார். 1892 மார்ச்சில் மாணவர்களும் ஆசிரியர்களும் மோதிய முதல் பொது ஆட்டத்தில் ஆசிரியர்கள் 5-1 என்று தோற்றார்கள். அந்த ஒன்றைப் போட்டவர் ஸ்டாக்.

யேலில் அவருக்கு வேதாகமம் நடத்திய வில்லியம் ரெய்னி ஹார்ப்பர், புதிதாகத் தொடங்கவிருந்த சிகாகோ பல்கலைக்கழகத்துக்குத் தலைவரானார். பழைய மாணவனைக் கூப்பிட்டு, விளையாட்டுத் துறையை நீ பார்த்துக்கொள், ஆண்டுக்கு 1,500 டாலர் தருகிறேன் என்றார். ஸ்டாக்குக்கு வாயடைத்துப் போய்விட்டது. சம்பளம் போதவில்லை போலிருக்கிறது என்று நினைத்து ஹார்ப்பர் 2,000 என்றார். இவர் அப்போதும் பேசவில்லை. 2,500, கூடவே இணைப் பேராசிரியர் பதவி, அதுவும் ஆயுளுக்கும் என்று ஏறிவிட்டார் ஹார்ப்பர். இதைப் பின்னாளில் ஸ்டாக்கே சொல்லியிருக்கிறார். இப்படித்தான் ஒரு விளையாட்டுப் பயிற்சியாளர் இலக்கணம், வேதியியல் நடத்துகிறவர்களுக்குச் சமமாக உட்கார்ந்தார். ஹார்ப்பர் செய்ததிலேயே பெரிய காரியம் அதுதான் என்பேன். அடுத்த சனிக்கிழமை தோற்றால் வேலை போய்விடும் என்ற பயத்தில் இருப்பவன் பையனுடைய முழங்காலைப் பார்க்க மாட்டான், ஸ்கோரைத்தான் பார்ப்பான்.

ஸ்டாக் குடிக்க மாட்டார், புகைக்க மாட்டார், கெட்ட வார்த்தை பேச மாட்டார். கோபம் தலைக்கேறினால் அவர் வாயில் வரும் உச்சபட்ச வசவு 'கழுதை'. தப்பு கொஞ்சம் பெரிதென்றால் 'இரட்டைக் கழுதை'. அதற்கும் மேலே போனால் 'மூன்று மடங்குக் கழுதை'. இந்தக் கழுதைப் பட்டம் வாங்காமல் தப்பித்த ஆட்டக்காரர்கள் குறைவு. பிரம்பில்லாமல், அம்மா அப்பாவை இழுக்காமல், கழுதையை மட்டும் வைத்துக்கொண்டு அறுபது எழுபது வருடம் ஓட்டியிருக்கிறார். நம் ஊர்ப் பயிற்சியாளர்கள் சிலர் மைதானத்தில் பேசும் பேச்சைக் கேட்டவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

எல்லாவற்றையும் மெச்சவும் முடியாது. அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்தைப் பெரும் டிக்கெட் வியாபாரமாக்கியதில் சிகாகோவுக்கும் பங்குண்டு. புதுப் பல்கலைக்கழகத்துக்கு ஹார்ப்பர் தேடிய விளம்பரமும் அதுவே. வசூல் கணக்கு நெடுங்காலம் ஸ்டாக்கின் கையில் இருந்தது. அது தப்பு.

1929-ல் சிகாகோ பல்கலைக்கழகத் தலைவராக வந்த ராபர்ட் மேனார்ட் ஹட்சின்ஸுக்குக் கால்பந்தே பிடிக்காது. ஓய்வு வயது விதியைக் காட்டி 1932-ல் ஸ்டாக்கை இறக்கினார்கள். மரியாதைக்கு ஒரு பதவி தருவதாகச் சொன்னதை ஸ்டாக் மறுத்துவிட்டு, கலிஃபோர்னியாவில் ஸ்டாக்டன் ஊரில் இருந்த பசிபிக் கல்லூரிக்குப் பயிற்சியாளராகப் போனார். 1938-ல் அந்தச் சின்னக் கல்லூரிப் பையன்களைச் சிகாகோவுக்கு அழைத்துவந்து, தன் பெயர் தாங்கிய மைதானத்திலேயே 32-0 என்று வென்றார். அடுத்த வருடம் சிகாகோ மிச்சிகனிடம் 85-0 என்று தோற்றது. அந்த டிசம்பரிலேயே ஹட்சின்ஸ் கால்பந்தை மூடிவிட்டார். 1942 டிசம்பர் 2 அன்று, ஆட்டமில்லாமல் கிடந்த அதே மைதானத்தின் மேற்குப் பார்வையாளர் மேடைக்கு அடியில், இயற்பியலாளர் என்ரிக்கோ ஃபெர்மியின் குழுவினர் உலகின் முதல் கட்டுப்படுத்தப்பட்ட அணுக்கருத் தொடர்வினையை நடத்திக் காட்டினார்கள்.

ஹட்சின்ஸை முழுக்க வில்லனாக்கவும் எனக்கு மனம் வராது. வானியற்பியலாளரான நம் சுப்பிரமணியன் சந்திரசேகர் 1937-ல் சிகாகோவில் சேர்ந்தது அவர் காலத்தில்தான். நிறத்தைக் காரணம் காட்டி சந்திரசேகர் வளாகத்தில் வகுப்பெடுப்பதை ஒருவர் எதிர்த்தபோது, தாராளமாக எடுக்கட்டும் என்று அனுமதித்தவர் ஹட்சின்ஸ். அறிவுக்கு அவ்வளவு மரியாதை தந்தவர், மைதானத்திலும் படிப்பு நடக்கும் என்பதை ஏற்கவில்லை. அந்த விஷயத்தில் நான் ஸ்டாக் கட்சி.

சரி, வயது. 1943-ல் பயிற்சியாளர்கள் சங்கம் அந்த ஆண்டின் சிறந்த பயிற்சியாளராக ஸ்டாக்கைத் தேர்ந்தெடுத்தது. அப்போது அவருக்கு வயது 81. பசிபிக்கில் 14 சீசன் முடித்து, பென்சில்வேனியாவில் மகன் பயிற்சியாளராக இருந்த சஸ்குவஹன்னா பல்கலைக்கழகத்துக்குத் துணையாகப் போனார். மனைவி ஸ்டெல்லா ஆட்டங்களைப் பார்த்து நோட்டில் குறிப்பெடுத்துத் தருவார். அப்புறம் மறுபடி ஸ்டாக்டனுக்கு வந்து, தொண்ணூறு தாண்டியும் பையன்களுக்குப் பந்தை உதைக்கச் சொல்லிக்கொடுத்தார். 1965-ல் இறந்தபோது வயது 102. இவரை 70-ல் வீட்டுக்கு அனுப்பியது சரியா என்று நீங்களே சொல்லுங்கள்.

இன்னொன்று. ஸ்டாக் இருந்த அதே ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி க்ரோ பக் என்ற அமெரிக்கர்தான் 1920-ல் சென்னையில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியைத் தொடங்கினார். இன்றும் நந்தனத்தில் இருக்கிறது. தமிழ்நாட்டில் எத்தனையோ பி.டி. மாஸ்டர்கள் அங்கே படித்தவர்கள். உடற்கல்வியும் ஒரு கல்வி என்ற நினைப்பு நமக்கு வந்து நூறு வருடம் தாண்டிவிட்டது. பீரியடைத்தான் இன்னும் விட்டுத்தர மாட்டேன் என்கிறோம்.

உங்களுக்கும் மற்ற வாசகர்களுக்கும் ஒரு வேலை தருகிறேன். உங்கள் பிள்ளையின் டைம்டேபிளில் வாரத்துக்கு எத்தனை பி.டி. பீரியட் போட்டிருக்கிறது, போன வாரம் அதில் எத்தனை மைதானத்தில் நடந்தது என்று பிள்ளையிடமே கேட்டு எழுதுங்கள். பள்ளியின் பெயர் வேண்டாம், ஊர் போதும். வருகிற கடிதங்களுக்குத் தனியாக ஒரு பக்கம் ஒதுக்குகிறேன்.